அடையாளம் என்ற இடத்தில் நான் அடித்த வரி

கோர்ட் வாசலில் முப்பத்தோரு வருஷமாக டைப் அடிக்கிறேன். மனு எழுத வருகிறவர்களில் பாதிப் பேர் என்னிடம் பொய் சொல்வார்கள், மீதிப் பாதி அழுவார்கள். இரண்டையும் காதில் வாங்கிக்கொண்டு என் விரல் பாட்டுக்கு ஓடும். எனக்கு முன்கோபம் அதிகம் என்று ஊரே சொல்லும், சரிதான். டேப்பக்காவைப் பற்றி எழுத உட்கார்ந்தால் மற்ற எல்லாவற்றுக்கும் முன்னால் அந்தக் கோபம்தான் வந்து நிற்கிறது. யார் மேல் என்று போகப் போகத் தெரியும்.

டேப்பக்கா தையல்காரி. கோர்ட்டுக்குப் பின்தெருவில், ஜெராக்ஸ் கடையின் மாடிப்படிக்குக் கீழே, ஒரு மெஷினும் ஒரு ஸ்டூலும் போடும் அளவு இடம். கழுத்தில் எப்போதும் அளவு டேப் தொங்கும், அதனால் அந்தப் பெயர். குளிக்கும்போதாவது அதைக் கழற்றுவாயா என்று ஒருநாள் கேட்டேன். "என் டேப்பு கெடக்கட்டும் டைப்பண்ணே, உங்க தொப்பைக்கு அது பத்தல, அதுக்கு ஒரு வழி சொல்லுங்க" என்றாள். வக்கீல்களின் வெள்ளைச் சட்டை, குமாஸ்தாக்களின் பேண்ட், என் சட்டைகள் எல்லாம் அவள் கை பட்டவை. தைத்து முடித்த சட்டையின் கழுத்துப் பட்டிக்குள் ஊசிப் படம் போட்ட சிவப்பு லேபிள் ஒன்றை வைத்துத் தைப்பாள். "பெரிய கடைக்காரன் மட்டுந்தான் லேபிள் வெப்பானா? படிக்கட்டுக்குக் கீழ இருந்தாலும் கடை கடைதான்" என்பாள்.

அவளுக்கு இருந்தது ஒரே தம்பி. பதினோரு வயது இளையவன். அம்மாவும் அப்பாவும் அடுத்தடுத்துப் போய்விட, அவள் கல்யாணம் செய்துகொள்ளாமல் அவனை வளர்த்தாள். வீட்டில் அவன் சின்னவன். சுவருக்கு பெயிண்ட் அடிக்கிற வேலை. பத்தொன்பது வயதில் ஏணியிலிருந்து விழுந்து இடது முழங்கை உடைந்தது. கட்டுப் போட்டும் கை முழுசாக நீளவில்லை. அதிலிருந்து அவன் சட்டைக்கு இடது கையை மட்டும் அரை அங்குலம் குறைத்தே வெட்டுவாள். அவனுக்குப் பெண் பார்த்துக் கட்டிவைத்தவளும் அவள்தான். இரண்டு அறை வீட்டில் அக்கா, தம்பி, தம்பி பொண்டாட்டி, இரண்டு வயதுப் பெண் குழந்தை.

ஒரு செவ்வாய்க்கிழமை காலையில் சின்னவன் புது நீலச் சட்டை போட்டுக்கொண்டு கிளம்பினான். ஆற்றுக்கு அந்தப் பக்கம் ஒரு காண்ட்ராக்டரைப் பார்த்து வேலை பேசவேண்டும் என்று சொல்லியிருக்கிறான். ராத்திரி வீடு திரும்பவில்லை. கேட்டதற்குக் காண்ட்ராக்டர், அவன் வரவே இல்லை என்றார். அவன் போன் அணைந்து கிடந்தது. வெள்ளிக்கிழமை டேப்பக்கா என் மேஜைக்கு முன்னால் வந்து நின்றபோது அவள் தலைமுடி சீவப்படவில்லை, கழுத்தில் டேப் இல்லை. அவளை அப்படி நான் பார்த்ததே கிடையாது.

ஸ்டேஷனில் எழுத்து வேலை பார்க்கிற போலீஸ்காரர் அவளை இரண்டு முறை திருப்பி அனுப்பியிருந்தார்.

"வயசு முப்பத்தொண்ணாம். தொலைஞ்சு போற வயசாம்மா இது? வீட்டுல ஏதாவது வாய்ச்சண்டையா? பசிச்சா தானா வந்து சேருவான், போங்க."

எனக்கு ரத்தம் கொதித்தது. வயது வந்தவன் காணாமல் போனால் புகார் வாங்க வேண்டாம் என்று எந்தப் புத்தகத்தில் போட்டிருக்கிறது? "உக்காரு தங்கச்சி. எழுத்துல குடுத்தா அவன் வாங்கித்தான் ஆகணும். ரசீது வாங்காம அந்த வாசல விட்டு எந்திரிக்காத" என்று சொல்லிவிட்டு மெஷினில் தாளைச் செருகினேன்.

பெயர், வயது, உயரம், நிறம் எல்லாம் கேட்டுக் கேட்டு அடித்தேன். இடது முழங்கை நேராக நீளாது என்று அடித்தேன். "என்ன சட்டை?" "நீலம். முழுக்கை. போன வாரந்தான் தெச்சேன்" என்று சொன்னவள் அதற்கு மேல் பேச முடியாமல் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். அதன்பின் அவள் எதற்கும் பதில் சொல்லவில்லை. நான் மீதியை முடித்து, நான்கு பிரதி எடுத்து, கையெழுத்து வாங்கி, அவளோடு ஸ்டேஷனுக்கும் போய் நின்று ரசீது வாங்கிக் கொடுத்தேன். அன்றைக்கு எனக்குள் ஒரே பெருமை. அந்தப் போலீஸ்காரன் மூஞ்சியில் கரியைப் பூசிவிட்டோம் என்று ஜெராக்ஸ் கடைக்காரனிடம் கூடப் பீற்றிக்கொண்டேன்.

ரசீது வந்ததே தவிர சின்னவன் வரவில்லை.

அதற்குப் பிறகு அவள் ஏறாத படி இல்லை. மேலதிகாரிக்குப் பதிவுத் தபால், அதற்கும் மேலே இருப்பவருக்கு இன்னொன்று. ஆஸ்பத்திரிகள், மனநல விடுதிகள், ஆதரவற்றோர் இல்லங்கள். பேப்பரில் போட்டோ போட்டாள். எங்கோ கல்குவாரியில் அவனைப் போல ஒருத்தன் இருக்கிறான் என்று போன் வந்ததும், ஒன்பது மணி நேரம் பஸ்ஸில் போனாள். அங்கே ஒருவன் முதுகைக் காட்டிக் கல் உடைத்துக்கொண்டிருந்தானாம். இருபதடி தூரத்திலேயே திரும்பிவிட்டாள்.

"மூஞ்சியப் பாத்துட்டாவது வந்திருக்கலாமே" என்றேன்.

"தோள் பதினெட்டு இருக்கும். சின்னவனுக்குப் பதினாறரை" என்றாள். அவ்வளவுதான், போய் மெஷினில் உட்கார்ந்துவிட்டாள்.

மறு வருஷம் ஆட்கொணர்வு மனு போட்டோம். ஆளைக் கொண்டுவந்து கோர்ட்டில் நிறுத்து என்று போலீஸுக்கு உத்தரவு கேட்கிற மனு. வழக்கை நடத்திய வக்கீலம்மா நல்லவர், டேப்பக்காவின் வாடிக்கைக்காரர். ஆனால் அவர் முதல் நாளே உள்ளதைச் சொல்லிவிட்டார். யாரோ பிடித்து அடைத்து வைத்திருந்தால்தான் அந்த மனு நிற்கும், சும்மா காணவில்லை என்றால் நீதிபதி ரொம்ப நாள் வைத்துக்கொள்ள மாட்டார் என்றார்.

நான் டேப்பக்காவைத் தனியாகக் கூப்பிட்டேன். "அந்தக் காண்ட்ராக்டர் மேல சந்தேகம்னு ஒரு வரி போட்டுருவோம். மனு உயிரோட இருக்கும்."

"அவரு ஏதாவது செஞ்சாருன்னு நமக்குத் தெரியுமா?"

"தெரியாது. அதனால என்ன?"

"பாக்காதத எழுதாதீங்க டைப்பண்ணே. அவருக்கும் வீட்டுல பொண்டாட்டி புள்ள இருக்கும்."

பிழைக்கத் தெரியாதவள் என்று மனசுக்குள் திட்டிக்கொண்டு அந்த வரியை விட்டேன். ஒன்பது வாய்தா நடந்தது. ஒவ்வொரு முறையும் போலீஸ் தரப்பில், தேடி வருகிறோம் என்று இரண்டு பக்கம் கொடுப்பார்கள். டேப்பக்கா கடையைச் சாத்திவிட்டுப் போய்க் கடைசி பெஞ்சில் உட்காருவாள். ஒன்பதாவது வாய்தாவில், தகவல் கிடைத்தால் குடும்பத்துக்குத் தெரிவிக்க வேண்டும் என்று சொல்லி மனுவை முடித்து வைத்தார்கள். வெளியே வந்தவள், "முடிஞ்சுதுன்னா என்ன அர்த்தம்? அவன் இன்னும் வரலயே, எப்படி முடியும்?" என்று என்னிடம் கேட்டாள். நான் உத்தரவின் நகலை மடித்து அவள் பைக்குள் வைத்தேன்.

அந்த முதல் புகாரின் பிரதி மட்டும் அவள் பையை விட்டுப் போகவில்லை. மடித்து மடித்துக் கிழிந்ததை நான் மூன்று முறை ஒட்டிக் கொடுத்தேன். போகிற இடமெல்லாம் அதைப் பார்த்துத்தான் பேசுவாள், பிறகு பார்க்காமலே சொல்ல ஆரம்பித்தாள். உயரம் ஐந்தடி ஏழங்குலம், மாநிறம், இடது முழங்கை நேராக நீளாது, நீல நிற முழுக்கைச் சட்டை, கழுத்துப் பட்டியில் ஊசிப் படம் போட்ட சிவப்பு லேபிள். பள்ளிப் பிள்ளை பாடம் ஒப்பிப்பது போல வரும்.

ஏழு வருஷம் ஓடிவிட்டது. குழந்தைக்கு ஒன்பது வயது. தம்பி பொண்டாட்டிக்கு இன்னும் முப்பத்து மூன்றுகூட ஆகவில்லை. பள்ளி வேன் ஓட்டுகிற ஒருவர், மனைவியை இழந்தவர், அவளையும் பிள்ளையையும் ஏற்றுக்கொள்ளத் தயாராக இருந்தார். அந்தப் பெண் இதை டேப்பக்காவிடம் சொல்ல இரண்டு மாதம் பயந்து, கடைசியில் அடுப்படியில் நின்று அழுதபடியே சொன்னாளாம். டேப்பக்கா கோபப்படவில்லை. "உன்னை எத்தன நாளைக்கு நான் பிடிச்சு வெப்பேன், போ" என்று சொன்னாளாம். ஆனால் போக ஒரு தாள் வேண்டும். ஏழு வருஷம் தகவலே இல்லாதவன் இறந்துவிட்டதாகக் கொள்ளலாம் என்று கோர்ட் தீர்ப்புக் கொடுக்க வேண்டும். அதற்கு, அவனிடமிருந்து தகவல் வந்தால் முதலில் யாருக்கு வருமோ அந்த ஆள் கூண்டில் ஏறிச் சாட்சி சொல்ல வேண்டும்.

வக்கீலம்மா அறையில் டேப்பக்கா உட்காரவே இல்லை. "என் வாயால அவன் செத்துட்டான்னு சொல்லணுமா?"

"செத்துட்டான்னு சொல்ல வேண்டாம்மா. ஏழு வருஷமா ஒரு தகவலும் இல்லன்னு சொன்னாப் போதும். மீதியச் சட்டம் சொல்லிக்கும்."

"ரெண்டும் ஒண்ணுதானே மேடம்? நான் வளத்த புள்ள. நான் சொன்னப்புறம் அவன் வந்து நின்னா என்ன மூஞ்சிய வெச்சுக்குவேன்?"

கடைசியில் ஒரு நிபந்தனை போட்டாள். கூண்டில் ஏறுவதற்கு முன்னால் ஒரே ஒருமுறை, சின்னவன் காணாமல் போன வருஷம் சுற்று வட்டார ஸ்டேஷன்களில் அடையாளம் தெரியாமல் பதிவான உடல்களின் கணக்கைத் தன் கண்ணால் பார்க்க வேண்டும். அதில் இல்லையென்றால் சொல்லிவிடுகிறேன் என்றாள். ஏன் இத்தனை வருஷம் பார்க்கவில்லை என்று கேட்பீர்கள். அப்படி ஏதாவது வந்தால் ஒத்துப்பார்த்துக் கூப்பிடுவோம் என்று ஸ்டேஷனில் சொல்லியிருந்தார்கள், நம்பினோம். வக்கீலம்மா கோர்ட்டில் அனுமதி வாங்கிக் கொடுத்தார்.

நானும் அவளும் நான்கு ஸ்டேஷன்களுக்குப் போனோம். ஒவ்வொரு இடத்திலும் ஒரு தடித்த நோட்டு. பதிவுகளை நான் வாசிப்பேன், அவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்பாள். ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருந்த இரண்டாவது ஸ்டேஷனில் இப்படி ஒன்று வந்தது. "ஆண், வயது முப்பதிலிருந்து நாற்பது, தண்ணீரில் கிடந்தது, முகம் தெரியவில்லை, நீல முழுக்கைச் சட்டை, லேபிள் இல்லை." நீலம் என்றதும் அவள் கண் திறந்தது. லேபிள் இல்லை என்றதும் மூச்சு விட்டாள். "அடுத்தது" என்றாள். நானும் பக்கத்தைப் புரட்டினேன். சத்தியமாகச் சொல்கிறேன், எனக்கும் அப்போது நிம்மதியாகத்தான் இருந்தது.

நான்கு ஸ்டேஷனிலும் அவன் இல்லை. திங்கட்கிழமை சாட்சி.

சனிக்கிழமை மத்தியானம் பட்டன் ஒன்று தைக்க அவள் கடைக்குப் போனேன். தம்பி மகள் ஸ்டூல் மேல் ஏறி நின்று புதுப் பள்ளிச் சட்டையைப் போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தாள். அத்தை குண்டூசிகளை வாயில் கவ்வியபடி கீழ் மடிப்பைச் சரிசெய்துகொண்டிருந்தாள். முகம் இருண்டு கிடந்தது. அவளைக் கொஞ்சம் சிரிக்க வைக்கலாமே என்று குழந்தையின் காலரைத் திருப்பிப் பார்த்தேன்.

"என்னடி இது, உங்கத்தை உனக்கு லேபிள் வெக்கலையே! அப்ப இது கம்பெனிச் சரக்கு இல்லையா?"

டேப்பக்கா ஊசிகளைக் கையில் எடுத்துக்கொண்டாள். "அவ என்ன கஸ்டமரா? நம்ம வீட்டு ஆளுக்கு எதுக்கு லேபிள்? வீட்டுத் துணிக்கு நான் என்னிக்கும் வெச்சதில்ல."

சொன்னவள் அப்படியே நின்றாள். ஊசிகள் கையிலிருந்து தரையில் கொட்டின. குழந்தை குனிந்து பொறுக்கப் போக, "இறங்காத, குத்தும்" என்று மட்டும் வாய் சொன்னது, கண் என் மேல் இருந்தது.

"டைப்பண்ணே."

"சொல்லும்மா."

"சின்னவன் சட்டைக்கு நான் லேபிள் வெக்கல."

நான் குழந்தையின் காலரை இன்னொரு முறை திருப்பிப் பார்த்தேன்.

"அந்த ரெண்டாவது ஸ்டேஷன். நீலம்" என்றாள். கடையைச் சாத்தக்கூட இல்லை. குழந்தையை ஜெராக்ஸ் கடைக்காரனிடம் விட்டுவிட்டு நடக்க ஆரம்பித்தாள், நான் பின்னால் ஓடினேன்.

அன்றைக்கே அந்த ஸ்டேஷனில் பழைய கேஸ் கட்டை அவிழ்த்துக் காட்ட வைத்தேன். அந்தக் கத்தலை நான் வாழ்க்கையில் யாரிடமும் கத்தியதில்லை. உள்ளே ஒரு போட்டோ இருந்தது. தகரத்தின் மேல் சட்டையை விரித்து வைத்து எடுத்திருந்தார்கள், இரண்டு கைகளும் நீட்டியபடி. இடது கை குட்டையாக இருந்தது. டேப்பக்கா விரலை முதலில் வலது கை மேல் வைத்தாள், பிறகு இடது கை மேல். "நான் வெட்டினது" என்றாள். பிரேதப் பரிசோதனைத் தாளில், இடது முழங்கையில் பழைய எலும்பு முறிவு என்று டாக்டர் எழுதியிருந்தார். அதற்குக் கீழே எங்கள் ஊர் ஸ்டேஷனிலிருந்து வந்த ஒரு சின்னக் கடிதம். சின்னவன் காணாமல் போய்ப் பன்னிரண்டாம் நாள் தேதி. "புகாரில் கண்டபடி சட்டையில் லேபிள் இல்லாததால் பொருந்தவில்லை." எலும்பைப் பார்க்க நான்கு பக்கம் புரட்ட வேண்டும், லேபிளைப் பார்க்கக் காலரைத் திருப்பினால் போதும். திருப்பிப் பார்த்துவிட்டு, கடிதம் எழுதிவிட்டு, டீ குடிக்கப் போயிருப்பான் பாவி. அவளை ஒருமுறை கூப்பிட்டுக் காட்டியிருந்தால் அன்றைக்கே தெரிந்திருக்கும்.

அந்த உடலை ஆற்றோர இடுகாட்டில் ஒரு நம்பர் போட்டுப் புதைத்திருந்தார்கள். அவள் ஒன்பது மணி நேரம் பஸ்ஸில் போனபோதும், ஒன்பது வாய்தா பெஞ்சில் உட்கார்ந்தபோதும், அவன் அங்கேதான் இருந்திருக்கிறான். எங்கள் தெருவிலிருந்து நாற்பது நிமிஷ நடை.

வக்கீலம்மா வழக்கை மாற்றினார். கோர்ட் உத்தரவின் பேரில் தோண்டி எலும்பு எடுத்தார்கள், குழந்தையின் ரத்தத்தோடு ஒப்பிட அனுப்பினார்கள். முடிவு வர நான்கு மாதம் ஆயிற்று. அந்த நான்கு மாதமும் டேப்பக்கா வாயிலிருந்து வந்தது ஒரே பேச்சு.

"நான்தான் லேபிள்னு ஒளறியிருப்பேன். அன்னிக்கு எனக்குப் புத்தி எங்க இருந்துச்சு? அப்புறம் அந்தத் தாள்ல எழுத்துல பாத்துப் பாத்து, வெச்சிருப்பேன்னு நானே நெனச்சுட்டேன். என் வாய்தான் அவன ஏழு வருஷம் நம்பரோட மண்ணுக்குள்ள வெச்சுது."

தைப்பதை நிறுத்திவிட்டாள். சோறு இறங்கவில்லை, தம்பி பொண்டாட்டி ஊட்டிவிட்டாள். கழுத்து எலும்பு துருத்திக்கொண்டு வந்தது. நான் தினமும் போய் எதிரில் உட்காருவேன், ஆறுதல் சொல்லுவேன், திரும்பி வருவேன். சொல்ல வேண்டியதைச் சொல்லவில்லை.

அது அவன்தான் என்று முடிவு வந்த அன்று, அவளே என் மேஜைக்கு வந்தாள். நம்பரை எடுத்துவிட்டுத் தம்பி பெயரைப் போட அனுமதி கேட்டு ஒரு மனு வேண்டுமென்றாள். தாளைச் செருகினேன். விரல் ஓடவில்லை.

"தங்கச்சி, ஒண்ணு சொல்லணும். அன்னிக்கு நீ லேபிள்னு சொல்லல."

நிமிர்ந்து பார்த்தாள்.

"நீ அழுதுட்டிருந்த. நான் கேட்டேன், லேபிள் உண்டான்னு. நீ பதிலே சொல்லல. நான் போட்டிருந்த சட்டை நீ தெச்சது. என் காலரத் திருப்பிப் பாத்துட்டு, இதேதான் இருக்கும்னு நானா அடிச்சுட்டேன். அடையாளம் பலமா இருக்கட்டும்னு."

கோர்ட் வாசலில் எப்போதும் போல சத்தம். ஒருவர் ஸ்டாம்புத் தாள் கேட்டுக்கொண்டே என் தோளைத் தட்டினார். நான் அவரைப் பார்க்கவே இல்லை. திட்டுவாள், செருப்பைக் கழற்றுவாள் என்று இருந்தேன். வாங்கிக்கொள்ளத் தயாராகவும் இருந்தேன்.

"இப்ப போட்டிருக்கறதும் நான் தெச்சதுதானே?" என்றாள்.

"ஆமா."

"கழட்டுங்க."

அத்தனை பேருக்கு நடுவில் சட்டையைக் கழற்றிக் கொடுத்தேன். பனியனோடு உட்கார்ந்திருந்தேன். அவள் பையிலிருந்து தையல் பிரிக்கிற ஊசியை எடுத்து, காலரைத் திருப்பி, லேபிளின் நான்கு பக்கத்தையும் பொறுமையாக, துணி கிழியாமல் பிரித்தாள். நூல் துணுக்குகளை ஊதிவிட்டாள். லேபிளைப் பைக்குள் போட்டுக்கொண்டு சட்டையை உதறி என்னிடம் நீட்டினாள்.

"மனுவ அடிங்க டைப்பண்ணே. நான் சொல்றத மட்டும் அடிங்க."

சட்டையைப் போட்டுக்கொண்டு அடித்தேன். அவள் ஒவ்வொரு வார்த்தையாகச் சொன்னாள், தம்பியின் முழுப் பெயரை மட்டும் இரண்டு முறை சொன்னாள்.